மூங்கில் பூப்பதற்கு முன் வந்த மனு

அந்த மனு பள்ளிக்கூட நோட்டிலிருந்து கிழித்த கோடு போட்ட தாளில் எழுதப்பட்டிருந்தது. கீழே ஒன்பது பேரின் கையெழுத்து. 2007 பிப்ரவரி மாதம் அது. மிசோரத்தில், ஐஸ்வாலிலிருந்து லுங்லேய் போகும் மலைச்சாலையோரம் இருந்த ஒரு வங்கிக் கிளைக்கு நான் மேலாளராகப் போய் ஒன்றரை ஆண்டு ஆகியிருந்தது. “இந்த ஆண்டு எங்கள் மலையில் மூங்கில் பூக்கும். நெல் வீடு வந்து சேராது. இஞ்சியும் மஞ்சளும் போடக் கடன் வேண்டும். பழைய பயிர்க்கடனைக் கட்ட ஓராண்டு அவகாசம் வேண்டும்.” இவ்வளவுதான் மனு.

விதிகளைப் புரட்டினேன். சேதம் ஏற்பட்டு, அதை அரசு அறிவித்த பிறகுதான் அவகாசம் தரலாம். வரப்போகிற சேதத்துக்கு எந்தப் பத்தியிலும் இடமில்லை. காவிரிக் கரையில் வெள்ளத்தையும் வறட்சியையும் பார்த்து வளர்ந்தவன் நான். மூங்கில் பூப்பதற்கும் நெல் அழிவதற்கும் என்ன தொடர்பு என்று எனக்கு விளங்கவில்லை. மூங்கில் நெல்லை மலை தரும் கொடையாகப் பாடிவைத்த மொழி நம்முடையது. மனுவின் வலது மேல் மூலையில் ‘விதிகளில் இடமில்லை’ என்று எழுதிக் கோப்பில் போட்டேன்.

எங்கள் தலைமைக் காசாளர் மிசோக்காரர், என்னைவிடப் பத்து வயது மூத்தவர். இருந்தாலும் மரியாதைக்காக என்னைக் ‘கா பூ’ என்றுதான் அழைப்பார். நம் ‘ஐயா’ போன்ற சொல் அது. அன்று மாலை பணப்பெட்டகத்தைப் பூட்டிவிட்டு வந்தவர் மேசைமேல் கிடந்த கோப்பைப் பார்த்தார்.

“கா பூ, இதே மனுவை 1958-இல் எங்கள் மாவட்டக் கவுன்சில் எழுதியது. அதற்கும் இதே பதில்தான் வந்தது” என்றார். குரலில் கோபம் இல்லை. அதனால்தான் அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை என்று நினைக்கிறேன்.

அடுத்தடுத்த மாலைகளில் அவர் சொன்னதையும் நான் தேடிப் படித்ததையும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன். 1958-இல் மிசோ மலைகள் அசாமின் ஒரு மாவட்டம். அங்கே மாவ்தாக் என்றொரு மூங்கில் உண்டு. ஏறக்குறைய 48 ஆண்டுகளுக்கு ஒருமுறை மலை மலையாகப் பூத்துக் காய்த்து மடியும். காய் பேரிக்காய் அளவு இருக்கும். அதைத் தின்று எலிகள் பெருகும். காய் தீர்ந்ததும் புனத்து நெல்லிலும் வீட்டுக் குதிரிலும் இறங்கும். ‘மாவ்’ என்றால் மூங்கில், ‘தாம்’ என்றால் சாவு. பஞ்சத்துக்கே மாவ்தாம் என்று பெயர். 1911-12-இல் வந்த மாவ்தாமைப் பெரியவர்கள் மறக்கவில்லை. அதனால்தான் மாவட்டக் கவுன்சில் முன்கூட்டியே அசாம் அரசிடம் நிவாரணத்துக்காக 15 லட்சம் ரூபாய் கேட்டது. பழங்குடிகளின் மூடநம்பிக்கை என்று சொல்லி மறுத்துவிட்டார்கள். 1959-இல் மூங்கில் பூத்தது.

பசித்த ஊர்களுக்கு அரிசி மூட்டைகளை முதுகில் சுமந்து போன இளைஞர்கள் தங்கள் அமைப்புக்கு மிசோ தேசியப் பஞ்ச முன்னணி என்று பெயர் வைத்திருந்தார்கள். முன்னின்று நடத்தியவர் லால்டெங்கா. ராணுவத்தில் ஹவில்தாராக இருந்துவிட்டு வந்து எழுத்தர் வேலை பார்த்தவர். 1960-இல் அசாமிய மொழியை ஆட்சிமொழியாக்கும் சட்டம் வந்தது, மலைமக்களின் மனக்கசப்பு இன்னும் கூடியது. 1961 அக்டோபரில் அமைப்பின் பெயரிலிருந்து ‘பஞ்சம்’ என்ற ஒரு சொல் மட்டும் நீக்கப்பட்டது. அன்றிலிருந்து அது மிசோ தேசிய முன்னணி. தனிநாட்டுக் கோரிக்கை எங்கே பிறந்தது என்று யாராவது என்னைக் கேட்டால் அந்த ஒரு சொல் உதிர்ந்த இடத்தைத்தான் காட்டுவேன்.

1966 பிப்ரவரி 28 இரவு முன்னணியின் ஆயுதத் தாக்குதல் தொடங்கியது. மார்ச் 1-ஆம் தேதி தனிநாடு அறிவித்தார்கள். மார்ச் 5-ஆம் தேதி இந்திய விமானப்படை ஐஸ்வால்மீது குண்டு வீசியது. தன் சொந்த மண்ணில், தன் குடிமக்கள் வாழும் ஊரின்மீது அது குண்டு வீசியது அந்த ஒருமுறைதான். அதற்குப் பிந்தைய இருபது ஆண்டுகளை மிசோக்கள் ‘ராம்புவாய்’ என்கிறார்கள். நாடு கலங்கிய காலம் என்று பொருள்.

1967-இல் ஊர்க்குவிப்பு தொடங்கியது. போராளிகளுக்குச் சோறும் இடமும் கிடைக்கக் கூடாது என்பதற்காக மலை ஊர்களைக் காலி செய்து, மக்களை நெடுஞ்சாலையோரக் காவல் முகாம்களில் குடியேற்றினார்கள். முதல் கட்டத்தில் 106 ஊர்கள் 18 மையங்களுக்குள் அடைக்கப்பட்டன. எல்லாக் கட்டங்களும் முடிந்தபோது 500-க்கும் மேற்பட்ட ஊர்கள் இப்படிக் கலைக்கப்பட்டிருந்தன. எங்கள் காசாளரின் ஊர் அவற்றில் ஒன்று. அப்போது அவருக்குப் பதினான்கு வயது. தூக்க முடிந்ததைத் தூக்கிக்கொள்ளச் சொன்னார்கள், மற்றதெல்லாம் எரிந்தது. அவர் தாயார் தூக்கிக்கொண்டது ஒரு தறியும் ஒரு பைபிளும். ஒரு நாள் அந்த பைபிளைக் காகிதத்தில் சுற்றி எடுத்துவந்து காட்டினார். நடுவே தாயாரின் முகாம் அடையாள அட்டை இருந்தது. ஓரங்கள் துணிபோல நைந்திருந்தன. பெயருக்குப் பக்கத்தில் ஓர் எண். விடிந்தபின் அட்டையைக் காட்டிவிட்டுப் புனத்துக்குப் போக வேண்டும், இருட்டுவதற்குள் திரும்பி வந்து பெயர் கூப்பிடும்போது நிற்க வேண்டும். தாமதமாக வந்தால் என்ன செய்வார்கள் என்று கேட்டேன். அவர் பைபிளை மூடிவிட்டார்.

அதே காலத்தில் அங்கே பணியாற்றிய ஓர் ஆட்சிப்பணி அதிகாரி, தார்சோ என்ற ஊர் காலி செய்யப்பட்ட விதத்தைப் பின்னாளில் எழுதி வெளியிட்டிருக்கிறார். ஊரை எரித்த பிறகு, ‘போராளிகளின் தொல்லை தாங்காமல் நாங்களே இடம் மாறக் கேட்டுக்கொண்டோம்’ என்று எழுதிய தாளில் ஊர்ப் பெரியவர்களைத் துப்பாக்கி முனையில் கையெழுத்திட வைத்திருக்கிறார்கள். அதைப் படித்ததும் வேலையை அப்படியே வைத்துவிட்டு வெளியே போய் நின்றேன். மக்கள் தாங்களாக எழுதிய மனுவை நம்பாத அரசு, தானே எழுதிய மனுவில் அவர்களிடம் கையெழுத்து வாங்கியிருக்கிறது.

போராளிகள் செய்த கொலைகளையும் அங்கே யாரும் என்னிடம் மறைக்கவில்லை. 1975 ஜனவரியில் ஐஸ்வால் காவல் அலுவலகத்துக்குள்ளேயே புகுந்து மூன்று உயர் அதிகாரிகளைச் சுட்டுக் கொன்றார்கள். 1979-இல் வெளியாட்கள் எல்லாரும் மிசோரத்தை விட்டுப் போக வேண்டும் என்று கெடு விதித்தார்கள். சமவெளிக்காரனை அவர்கள் மொழியில் ‘வாய்’ என்பார்கள். அந்தச் சொல் இரவில் கதவைத் தட்டிய காலத்தில் அங்கே வேலை பார்த்த எழுத்தர்களும் ஆசிரியர்களும் எந்தச் சட்டத்தையும் இயற்றியவர்கள் அல்லர்.

1986 ஜூன் 30-ஆம் தேதி இந்திய அரசுக்கும் மிசோ தேசிய முன்னணிக்கும் இடையே ஒப்பந்தம் கையெழுத்தானது. முதலமைச்சராக இருந்த லால் தன்ஹாவ்லா பதவியிலிருந்து இறங்கி லால்டெங்காவுக்கு வழிவிட்டார். 1987 பிப்ரவரி 20-ஆம் தேதி மிசோரம் தனி மாநிலமானது. வங்கிக்காரனாக எனக்கு அந்த ஒப்பந்தத்தின் வலிமை தெரிந்த இடம் அடமானப் பத்திரம். அரசியல் சட்டத்தின் 371ஜி பிரிவின்படி, மிசோக்களின் வழக்காற்றுச் சட்டம், சமயம், நில உரிமை ஆகியவற்றைத் தொடும் நாடாளுமன்றச் சட்டம் எதுவும் மாநிலச் சட்டமன்றம் ஏற்காமல் அங்கே செல்லாது. நிலத்தை ஈடாக வாங்கிக் கடன் கொடுத்துப் பழகிய எனக்கு முதல் ஒன்றரை ஆண்டும் அது எரிச்சலாகவே இருந்தது. அந்த அடையாள அட்டையைக் கையில் வாங்கிப் பார்த்தபின் எரிச்சல் போய்விட்டது. ஒருமுறை மண்ணை விட்டு விரட்டப்பட்டவர்கள் அதைப் பிறர் கைக்குப் போகாமல் பூட்டிவைத்திருக்கிறார்கள்.

அதே மிசோரத்தில்தான் தன்னாட்சிக் கவுன்சில் கேட்ட புரூ என்ற சிறுபான்மைப் பழங்குடி மக்கள் 1997-இல் பல்லாயிரக்கணக்கில் திரிபுராவுக்கு ஓட நேர்ந்தது. அவர்களை அங்கேயே குடியமர்த்துவது என்று உடன்பாடு ஏற்பட 2020 ஜனவரி வரை ஆனது. சிறுபான்மையாக நின்று போராடி வென்றவர்கள் தங்களைவிடச் சிறியவர்களின் மனுவை இன்னும் பொறுமையாகப் படித்திருக்க வேண்டும். காசாளரிடமே இதைச் சொன்னேன். நெடுநேரம் பேசாமல் இருந்தார். பிறகு, “ஆமாம், கா பூ” என்றார்.

எங்கள் ஒன்பது பேரின் மனுவைக் கோப்பிலிருந்து மறுபடி எடுத்தேன். ‘விதிகளில் இடமில்லை’ என்பதை அடித்துவிட்டு, ‘பரிந்துரைக்கப்படுகிறது’ என்று எழுதி வட்டார அலுவலகத்துக்கு அனுப்பினேன். இந்த முறை மாநில அரசே மாவ்தாமை எதிர்பார்த்துத் திட்டம் போட்டிருந்தது. எலிவாலுக்குக் காசு கொடுத்தார்கள், இஞ்சியும் மஞ்சளும் பயிரிடச் சொன்னார்கள். அன்று ஆட்சியில் இருந்தது மிசோ தேசிய முன்னணிதான். முதலமைச்சர் சோரம்தாங்கா, லால்டெங்காவிடம் செயலாளராக இருந்தவர். இவற்றையெல்லாம் குறிப்பிட்டு இரண்டு கடிதம் எழுதினேன். அனுமதி ஏப்ரல் கடைசியில் வந்தது. அதற்குள் ஐந்து பேர் வேறு வழியில்லாமல் நெல்லை விதைத்துவிட்டார்கள். நான்கு பேருக்குத்தான் இஞ்சி விதை வாங்கப் பணம் கொடுக்க முடிந்தது.

அக்டோபரில் அந்த ஐவரில் ஒருவர் என்னைத் தன் புனத்துக்கு அழைத்துப் போனார். எதிர்மலை முழுவதும் மூங்கில் காய்ந்து வைக்கோல் நிறத்தில் நின்றது. புனத்தில் நெற்பயிர் இருந்தது, கதிர்தான் இல்லை. தாள்கள் எல்லாம் ஒரே உயரத்தில், அரிவாளால் அறுத்ததுபோலக் கடிபட்டிருந்தன. முந்தின நாள் மாலை முற்றிய கதிரோடு நின்றதாம். ஒரு தாளை ஒடித்து என் கையில் கொடுத்தார். கடிபட்ட இடம் இன்னும் ஈரமாக இருந்தது.

நான் அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். என் மிசோ மொழி அவருக்குப் புரிந்ததா என்று தெரியவில்லை. குடிசைக்குள் போய் மூங்கில் குவளையில் தேநீர் கொண்டுவந்தார்.

மனுவின் நகல் இன்னும் என்னிடம் இருக்கிறது. அடிக்கப்பட்ட வரிக்கும் அதன் கீழே எழுதிய வரிக்கும் இரண்டு தேதிகள் இருக்கின்றன. இடையே பதினொரு நாட்கள்.