சுவர்களைப் படமெடுக்கும் நாட்கள்

மே 9

பெரியப்பாவின் பேச்சு முழுவதும் பதிவாகிவிட்டது. 1990-ல் மன்னாரில் படகேறி, தனுஷ்கோடி மணலில் இறங்கி, மண்டபம் முகாமில் பெயர் பதிந்து, சேலம் மாவட்டத்தில் தாரமங்கலம் பக்கத்து முகாமுக்கு வந்து சேர்ந்த கதை. இலங்கை அகதிகளான எங்களைப் பற்றிப் படம் எடுக்க வருகிறவர்கள் அந்தப் படகோடு நின்றுவிடுகிறார்கள். கரையேறிய மனிதர் இத்தனை வருடமாக இங்கே என்ன செய்தார் என்று ஒருவரும் கேட்டதில்லை. என் படம் அதைத்தான் கேட்கும். அவர் பெயிண்டர்.

மே 12

சேலம் அஸ்தம்பட்டித் தெருக்களில் படப்பிடிப்பு. பெரியப்பா முன்னே நடந்தார், நான் கேமராவுடன் பின்னே. "இது நான் அடித்தது. அந்தப் பச்சை வீடும் நான்தான்." ஒரு ஜன்னல் மூலையில் நின்று கட்டைவிரலால் சுவரை அழுத்தித் தேய்த்துப் பார்த்தார். "இந்த இடத்தில் பெயிண்டுக்கு முன் பூசுகிற பட்டி சரியாகக் காயவில்லை. மழையில் செய்த வேலை. உப்புத்தாள் ஓடவே இல்லை, தம்பி." வருத்தமாகச் சொன்னார். சாரத்தில் நின்றே வயதானவர். சொந்தமாக ஒரு சுவர் கிடையாது. வீட்டுக்கார அம்மா வெளியே வந்து, "அண்ணே, தீபாவளிக்கு முன்னால் மறுபடி அடிக்க வேண்டுமே, எப்போது வருவீர்கள்?" என்றார். இந்தக் கேள்விதான் என் படத்தின் நடு.

மாலையில் முகாமில் செக்கிங். ஆள் இருந்தாக வேண்டும். சீக்கிரமே திரும்பிவிட்டோம்.

மே 17

பக்கத்து வீட்டு ஆச்சியுடன் ஏற்காடு. 1820-களில் கலெக்டர் காக்பர்ன் இந்த மலையில் காபியை நட்டார். பின்னர் சிலோன் காபித் தோட்டங்களுக்கு ஆள் பிடித்துப்போன மாவட்டங்களில் சேலமும் ஒன்று; ஆச்சியின் பாட்டன் அப்படிப் போனவர். 1948-ல் அங்கே தோட்டத் தமிழர்களின் குடியுரிமை பறிபோனது. 1964-ன் இந்திய-இலங்கை ஒப்பந்தம் அவர்களில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று கணக்கெழுதியது. ஆச்சி குடும்பம் வவுனியாவுக்கு நகர்ந்து, பிறகு படகேறியது. பாட்டன் பிறந்த மாவட்டத்திலேயே இன்று அவர் அகதி!

ஆச்சி அழுவார் என்று எதிர்பார்த்தவர்கள் ஏமாறட்டும். காபிச் செடியின் கிளையை வளைத்துப் பார்த்து, "கவ்வாத்து ஒழுங்காக வெட்டவில்லை" என்றார்; கிளை கழிப்பதைத்தான் சொன்னார். அடுத்து, தோட்டத்து ஆளிடம் நாள் கூலி விசாரித்தார்.

மே 20

1987 ஜூலை 1-க்கு முன் இந்தியாவில் பிறந்தவர் பிறப்பாலேயே இந்தியர். நான் அதற்குப் பின் முகாமில் பிறந்தவன்; பெற்றோர் இருவரும் இலங்கையர். 2019 குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் பாகிஸ்தான், ஆப்கானிஸ்தான், வங்கதேசம் உண்டு, இலங்கை இல்லை. படத்தை எந்த நாட்டுக்கும் அனுப்பலாம், கூடவே போக எனக்குப் பாஸ்போர்ட் இல்லை. வயிறு எரிகிறது.

மே 24

படகுப் பகுதியை இரண்டு நிமிடமாகக் குறைத்துவிட்டேன். மற்றதெல்லாம் சுவர்கள், காபிச் செடிகள், கைகள். பெரியப்பா லேப்டாப்பில் பார்த்துவிட்டு ஒன்றே ஒன்று கேட்டார்: "குரங்குச்சாவடி மாடி வீட்டை ஏன் விட்டாய்? அதுதான் நான் தனியாக ஒப்பந்தம் பேசி எடுத்த முதல் வேலை." நாளைக் காலை அங்கே போகிறோம்.