வராந்தாக் குறிப்புகள்

ஜூன் 5
ரிப்போர்ட் நாளை வரும் என்கிறார்கள். நேற்றும் நாளை என்றுதான் சொன்னார்கள்.

ஜூன் 6
ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து மறுபடியும் தூர்னோனைப் படிக்கிறேன். அந்தியோக்கியாவின் முதுபெரும் தந்தை என்று பட்டம் கொடுத்து, இந்தியாவுக்கும் சீனாவுக்கும் தூதராகப் பாப்பரசர் 11-ஆம் கிளமெண்ட் அனுப்பிய மனிதர். 1703 நவம்பரில் இதே புதுச்சேரியில் வந்து இறங்கி, நோயில் படுத்துவிட்டார். எட்டு மாதம். இயேசு சபையார் உள்நாட்டில் நடத்திய மதுரை மிஷன் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. அந்தச் சபைக் குருக்கள் இருவரை விசாரித்தார், இங்குள்ள கிறிஸ்தவர்கள் எந்தெந்த வழக்கங்களை விட வேண்டும் என்று உத்தரவு எழுதினார்.

படுத்தபடியே உத்தரவு போடுகிறவர்களை எனக்குத் தெரியும். அப்பா காலையிலிருந்து மூன்று போட்டிருக்கிறார்: கொல்லைக் கதவைப் பூட்டு, சில்லறையை எண்ணி வாங்கு, முருங்கையில் கை வைக்காதே.

ஜூன் 8
1710-இல் இதே தேதியில் தூர்னோன் சீனக் கரையிலுள்ள மக்காவு நகரில் இறந்தார். 41 வயது. சீனச் சடங்குகளிலும் கை வைத்துப் பேரரசர் காங்ஷியின் கோபத்துக்கு ஆளாகி, போர்த்துகீசியர் காவலில் கிடந்தார். கர்தினால் தொப்பி அந்தக் காவலுக்குள்தான் வந்து சேர்ந்தது. என்ன செய்திருப்பார் அதை வைத்துக்கொண்டு?

ஜூன் 10
தூக்கமில்லை.

ஜூன் 14
தூர்னோன் உத்தரவில் தாலி. பிள்ளையார் பொறித்த தாலி கூடாது. மஞ்சள் பூசிய 108 இழைக் கயிறு கூடாது. கல்யாணத்தில் தேங்காய் உடைக்கக் கூடாது. இங்கே ஒரு கல்யாணத்தையாவது கண்ணால் பார்த்தாரா?

நேற்று அம்மா தாலியைக் கழற்றிக் கொடுத்தாள். சிலுவை போட்ட தங்கத்தை மட்டும். கயிறு அவள் கழுத்திலேயே இருக்கிறது. மஞ்சள் கயிறுதான். அடகுச் சீட்டு என் சட்டைப் பையில்.

ஜூன் 17
ரிப்போர்ட் வந்தது. எழுதப் பிடிக்கவில்லை.

ஜூன் 23
1704-இல் தூர்னோன் உத்தரவில் கையெழுத்திட்ட நாள். எவ்வளவு திட்டினாலும் ஓரிடத்தில் என் வாய் அடைத்துப் போகிறது. சேரியில் சாகக் கிடப்பவனின் வீட்டுக்குள் குரு போயே ஆக வேண்டும் என்று எழுதியிருக்கிறார். அதுவரை நோயாளியை வெளியே தூக்கி வந்தால்தான் அவஸ்தை பூசுதல், சாகும் நேரத்தில் குரு எண்ணெய் பூசும் சடங்கு. அப்படித் தூக்கி வரப்பட்டவர்கள் எங்கள் ஆட்கள். ஊரை நன்றாக அறிந்திருந்த குருக்களுக்கு உறைக்காத விஷயம், அறையைவிட்டு நகராத இந்த நோயாளிக்கு உறைத்திருக்கிறது. அதே கைதான் தேங்காயையும் தடுத்தது. என்ன மனிதரோ!

ஜூலையில் உத்தரவை வெளியிட்டு மூன்றே நாளில் கப்பலேறிவிட்டார். அந்த உத்தரவு பற்றிய வழக்கு ரோமில் 1744 வரை இழுத்தது. கடைசியில் சேரிக்கென்று தனிச் சாமியார்களை ஏற்படுத்திச் சமாளித்தார்கள். தனியாக! இதைப் படித்துவிட்டு இரவு சாப்பிடவில்லை.

ஜூன் 24
சாமியாருக்குச் சொல்லி அனுப்பட்டுமா என்று அம்மா கேட்டாள். "வீட்டுக்கு வரச் சொல். இங்கே வேண்டாம்" என்றார் அப்பா.

ஜூன் 25
மழை. கட்டில் எண்ணை மாற்றிவிட்டார்கள்.

ஜூன் 27
டிஸ்சார்ஜ் கேட்டிருக்கிறேன். மின்கம்பியில் உரசுகிறது என்று முருங்கையை வெட்டிவிட்டார்களாம். அப்பாவிடம் யார் சொல்வது?