சிறுமலை எறும்புகள்: நிறத்தை விடுங்க, இடுப்பைப் பாருங்க

எறும்பு பார்க்கச் சிறுமலைக்குப் போகிறீர்களா? திண்டுக்கல் பேருந்து நிலையத்தில் அந்த மலைக்கு "போக மட்டும் ஆயிரத்து எண்ணூறு" என்று கூசாமல் கேட்கும் ஆட்டோவைத் திரும்பிக்கூடப் பார்க்காதீர்கள். அந்தக் காசுக்கு 10 மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸ் ஒன்று வாங்கி, மிச்சத்தில் சீரகச் சம்பா பிரியாணியும் வயிறாரச் சாப்பிடலாம். டவுன் பஸ் போகிறது. எண்ணிக்கை குறைவு, கூட்டம் அதிகம், கொண்டை ஊசி வளைவு 18. இருந்தாலும் காலை பஸ்ஸையே பிடியுங்கள். வெயில் ஏறிவிட்டால் தரையில் மேயும் இனங்கள் பல புற்றுக்குள் போய்விடும். ஏறி வந்த செலவு தண்டம்.

சிவப்பாக இருந்தால் செவ்வெறும்பு, கறுப்பாக இருந்தால் கட்டெறும்பு என்ற வீட்டுக் கணக்கு மலையில் எடுபடாது. லென்ஸைக் கண்ணோடு ஒட்டி வைத்து மார்புக்கும் வயிற்றுக்கும் நடுவே பாருங்கள். அங்கே முடிச்சு இரண்டு இருந்தால் பெரும்பாலும் மிர்மிசினே துணைக்குடும்பம். ஒரே முடிச்சு, வயிற்று நுனியில் மயிர் சூழ்ந்த சின்ன வட்டத் துளை என்றால் ஃபார்மிசினே. இதற்குக் கொடுக்கு கிடையாது. கடித்த இடத்தில் அமிலத்தைப் பீய்ச்சும். கட்டெறும்பும், இலைகளைத் தைத்துக் கூடு கட்டும் முசுறும் இந்த வகை. ஒரே முடிச்சு, கொடுக்கும் உண்டு என்றால் பொனெரினே; விரலைத் தள்ளியே வையுங்கள். போனில் எல்லாரும் மேலிருந்து மட்டும் படம் எடுக்கிறார்கள். அதில் முடிச்சு மறைந்துவிடும், பிறகு எந்த நிபுணராலும் பெயர் சொல்ல முடியாது. பக்கவாட்டுப் படம் கட்டாயம், முகத்துக்கு நேர் எதிரே ஒன்று, மேலிருந்து ஒன்று.

முசுறைத் தேட மா, பலா மரங்களை அண்ணாந்து பார்த்தால் போதும், இலைப்பந்து தெரியும். புதுக் கூடு கட்டும்போது மாட்டினால் நகராதீர்கள். ஒரு வரிசை எறும்பு இலை ஓரத்தைக் கவ்வி இழுத்துப் பிடிக்கும். இன்னொரு எறும்பு தன் கூட்டத்துப் புழுவையே வாயில் பிடித்து இந்த விளிம்புக்கும் அந்த விளிம்புக்கும் மாறி மாறித் தொட வைக்கும். நூல் வருவது புழுவிடமிருந்து, தைப்பது எறும்பு! கூட்டத்தில் ஒன்று மட்டும் தனியாக நின்று நின்று நடந்தால் கால்களை எண்ணுங்கள். எட்டு இருந்தால் அது முசுறு வேஷம் போட்ட குதிக்கும் சிலந்தி. முன்னங்கால்களைத் தூக்கி உணர்கொம்பு போல ஆட்டும்.

மரக்கிளையில் கறுப்புக் காகித அட்டை உருண்டை போலக் கூடு இருந்தால் கிரெமடோகாஸ்டர் என்ற எறும்பு. வயிறு இதய வடிவம், சீண்டினால் அதைத் தலைக்கு மேல் தூக்கும். தரையில் புற்று வாயைச் சுற்றி இறகும் குச்சியும் செருகியிருந்தால் டயகம்மா என்ற எறும்பு. அந்த இறகில் படியும் பனித்துளியை அது குடிக்கும். தனி ராணி என்று ஒரு வகையே இதில் இல்லை, வேலைக்காரியே முட்டையிடுகிறாள். ஆமணக்கு விதை ஒன்றைக் கையோடு கொண்டுபோய்ப் புற்றருகே போட்டுப் பாருங்கள். நுனியில் இருக்கும் வெள்ளைக் குமிழுக்காக விதையை இழுத்துப் போகும். குமிழைத் தின்றுவிட்டு விதையைக் குப்பைமேட்டில் தள்ளும். செடிக்கு அதுதான் நடவு.

எறும்பு என்றாலே விவசாயியின் நண்பன் என்று எழுதுகிறவர்கள் சிறுமலை வாழைத் தோட்டத்துக்கு ஒருமுறை வரட்டும். முடிக்கொத்து நோயைப் பரப்புவது வாழை அசுவினி என்ற சாறு உறிஞ்சும் பூச்சி. அதன் இனிப்பான தேன்கழிவுக்காக எறும்புகள் அதற்குக் காவல் நிற்கின்றன. முசுறும் அப்படித்தான்: காய் துளைக்கும் பூச்சியைப் பிடிக்கும், மாவுப்பூச்சியை வளர்க்கும். மரத்துக்கு மரம் கணக்கு மாறும்.

இதே மாவட்டத்தில் நத்தம் பக்கம் கரந்தமலைக் காட்டோரக் கிராமங்களில் 2022-ல் மஞ்சள் பைத்திய எறும்பு பெருகி, ஆடுமாடுகளின் கண் பாதிக்கப்பட்டதாகச் செய்தி வந்தது நினைவிருக்கும். அது கொட்டாது, ஃபார்மிக் அமிலத்தைப் பீய்ச்சும். ஒரே கூட்டத்தில் பல ராணிகள் என்பதால் பெருக்கம் பயங்கரம். கிறிஸ்துமஸ் தீவில் செந்நண்டுகளைக் கோடிக்கணக்கில் கொன்றது இதே இனம். அந்தச் செய்திக்குப் பிறகு முசுறைப் பார்த்தாலே கொளுத்துகிற பழக்கம் வந்திருந்தால், அது சுத்த அறியாமை. பைத்திய எறும்பு 4–5 மி.மீ. மட்டுமே; மெலிந்த மஞ்சள் உடல், அளவுக்கு மீறி நீண்ட கால், கோடு பிடிக்காமல் தாறுமாறான ஓட்டம், கூடு கல்லடியிலும் சருகிலும். முசுறு அதைவிடப் பெரிது, செம்மஞ்சள், இலைக்கூடு.

சந்தேகம் இருந்தால் மருந்துத்தூளைக் கொட்டாதீர்கள், அது உள்ளூர் இனத்தையும் சேர்த்தே கொல்லும். ஒரு காகித அட்டையில் சர்க்கரைத் தண்ணீர் நனைத்த பஞ்சு, இன்னொன்றில் கருவாட்டுத் துணுக்கு வைத்து அரை மணி கழித்துப் பாருங்கள். நாலைந்து இனம் போட்டி போட்டால் நல்லது. இரண்டு அட்டையிலும் மஞ்சள் எறும்பு மட்டுமே மொய்த்தால் படத்தோடு வனத்துறைக்குச் சொல்லுங்கள். காப்புக்காட்டுக்குள் அனுமதியில்லாமல் டப்பாவில் பிடித்து வருவது குற்றம், படம் மட்டும் போதும்.