சாய்ஸ் கேக்காமலே எண்டிங் எழுதுற கேம்கள்

ஹாரர் கேம் முடியப் போற நேரத்துல ஸ்கிரீன்ல ரெண்டு ஆப்ஷன் வந்து நின்னு, கொல்லவா விடவான்னு கேட்டா எனக்கு அங்கயே பயம் போயிடும். அந்த நொடியில நான் கதைய விட்டு வெளிய வந்து கணக்கு போட ஆரம்பிச்சிடுறேன், எது நல்ல எண்டிங், எது கெட்ட எண்டிங், இதுக்கு முன்னாடி ஒரு சேவ் போட்டு வச்சுக்கிட்டா ரெண்டையும் பாத்துடலாமே, அப்படின்னு. அவ்வளவு நேரம் இருட்டுல டார்ச் அடிச்சுக்கிட்டு சுத்துனது, கதவு திறக்கவே கை நடுங்குனது எல்லாம் அந்த ஒரு மெனுவுல காலி.

அதனாலதான் எந்த கேம்ல எத்தனை எண்டிங்னு யாராவது பெருமையா சொன்னா எனக்கு பெருசா தோணாது. அந்த எண்டிங்க எதை வச்சு முடிவு பண்றான்னுதான் கேப்பேன். இனிமே முழுக்க ஸ்பாய்லர்தான், சைலண்ட் ஹில் 2, ஸ்லே தி பிரின்சஸ், டோக்கி டோக்கி, டிடென்ஷன் இதெல்லாம் இன்னும் ஆடாதவங்க ஆடிட்டு வந்து படிங்க.

சைலண்ட் ஹில் 2 வந்தது 2001ல, பிளேஸ்டேஷன் 2க்கு. ஜேம்ஸ் சண்டர்லேண்ட்னு ஒருத்தன், பொண்டாட்டி மேரி நோய்ல செத்து மூணு வருஷம் ஆச்சுன்னு நம்பிக்கிட்டு இருக்கான், அவகிட்ட இருந்து லெட்டர் வருது, நம்ம இடத்துல காத்திருக்கேன் வான்னு. ஊருக்குப் போறான். மேரி மாதிரியே முகம், ஆனா வேற மாதிரி உடுத்துற, வேற மாதிரி பேசுற மரியான்னு ஒருத்தி வந்து ஒட்டிக்கிறா. கடைசியில தெரிய வர்றது என்னன்னா மேரிய கொன்னதே அவன்தான். இதுக்கு அப்புறம் அவனுக்கு என்ன ஆகுதுங்கிறதுதான் எண்டிங். காமெடி எண்டிங் எல்லாம் தள்ளி வச்சுட்டா முதல் ஆட்டத்துல கிடைக்கக்கூடியது மூணு: ஊரை விட்டு வெளிய போறது, மரியாவக் கூட்டிட்டுப் போறது, ஏரித் தண்ணிக்குள்ள முடிச்சுக்கிறது.

இந்த மூணுல எது வேணும்னு கேம் ஒரு தடவகூட உங்ககிட்ட கேக்காது. பாத்துக்கிட்டே இருக்கும், அவ்வளவுதான். இன்வென்டரில, அதாவது கையில இருக்குற பொருளெல்லாம் வச்சிருக்குற பைல, மேரியோட போட்டோவையும் லெட்டரையும் எடுத்து எடுத்துப் பாக்குறீங்களா, அடி வாங்குனா உடனே ஹெல்த் ட்ரிங்க் குடிச்சு சரி பண்ணிக்கிறீங்களா, கடைசி காரிடார்ல மேரியோட குரல் கேக்கும்போது நின்னு முழுசா கேக்குறீங்களா, அப்போ இவன் வாழணும்னு நினைக்கிறான்னு ஒரு பக்கம் கணக்கு ஏறும். ஆஸ்பத்திரில மரியா படுத்துக்கிட்டு இருக்குறப்ப நடுவுல திரும்பிப் போய் அவ எப்படி இருக்கான்னு பாத்தா அது மரியா கணக்கு. ஏஞ்சலான்னு ஒரு பொண்ணு, தற்கொலை எண்ணத்தோட சுத்துறவ, அவகிட்ட இருந்து வாங்கி வச்ச கத்திய இன்வென்டரில எடுத்து உத்துப் பாத்தா அது தண்ணி கணக்கு. ரொம்ப நேரம் உடம்புல ரத்தத்தோட மருந்து போடாமலே நடந்தாலும் அதே தண்ணி கணக்குதான்.

யோசிச்சுப் பாருங்க, அந்த கத்தி எதுக்கும் உதவாது. அதை வச்சு யாரையும் குத்த முடியாது, எந்தக் கதவும் திறக்காது. சும்மா பாக்கலாம், அவ்வளவுதான். அப்படி ஒரு பொருள ஒரு ஆளு திரும்பத் திரும்ப எடுத்துப் பாக்குறான்னா அவன் மனசுல என்ன ஓடுது? இதைவிட சுருக்கமா ஒரு மனுஷன் மனநிலைய அளக்க எந்த டயலாக் மெனுவாலயும் முடியாதுன்னு நினைக்கிறேன்.

இதுல ஒரு ஓட்டை இருக்கு, அதையும் சொல்லிடணும். என் ஃப்ரெண்ட் ஒருத்தன் எந்த கேம் ஆடுனாலும் மருந்த செலவு பண்ணவே மாட்டான், கடைசியில வர்ற பெரிய எதிரி, அந்த கடைசி பாஸுக்கு வேணும்னு சேத்து வச்சுக்கிட்டே இருப்பான், கடைசி பாஸும் செத்துருக்கும், இவன் பையில மருந்து அப்படியே கிடக்கும். அவனுக்கு வந்தது தண்ணி எண்டிங். போன்ல கூப்பிட்டு "மச்சி, ஜேம்ஸ் செத்துட்டான்டா, நான் என்னடா தப்பு பண்ணேன்"ங்கிறான். "நீ மருந்து குடிச்சியாடா?" "எதுக்குடா, நொண்டிக்கிட்டே போனாலும் ஆடிடலாம்ல." போச்சு. இவனோட கஞ்சத்தனத்த கேம் விரக்தின்னு எடுத்துக்கிச்சு. சிரிச்சு முடியல எனக்கு. ஆனா கொஞ்ச நேரம் கழிச்சு அவனே சொன்னான், ஆட்டம் முழுக்க ஜேம்ஸ் நொண்டிக்கிட்டுதான் இருந்தான், மூச்சு வாங்கிக்கிட்டுதான் இருந்தான், அந்த ஆளு கடைசியில ஏரிக்குள்ள போனது எனக்கு பொருந்தலைன்னு சொல்ல முடியலடான்னு. கணக்கு தப்பு, விடை சரிங்கிற மாதிரி ஒரு இடம். கேமுக்கு உங்க மனசு தெரியாது, உங்க கை என்ன பண்ணுதுன்னு மட்டும்தான் தெரியும், அதை வச்சு ஜேம்ஸோட மனச எழுதுது. எழுதுனது ஜேம்ஸோட மனசுதான், உங்களோடது இல்ல, அதனாலதான் அந்தத் தப்பும் தப்பா தெரியல.

2024ல ப்ளூபர் டீம் பண்ண ரீமேக்லயும் இந்த மறைமுக கணக்கு இருக்கு, கூட ரெண்டு புது எண்டிங்கும் சேத்தாங்க. நல்லாவே பண்ணிருக்காங்க.

இதே வேலைய வெளிப்படையா சொல்லிட்டு செஞ்சது 2009ல வந்த இன்னொரு சைலண்ட் ஹில் கேம், ஷாட்டர்ட் மெமரீஸ். ஆரம்பத்துலயே ஒரு எச்சரிக்கை போடுவான், இந்த கேம் உங்கள சைக்காலஜிக்கலா கவனிக்குதுன்னு. ஒரு தெரபிஸ்ட் உக்காந்து கேள்வி கேப்பாரு, வீட்டுப் படத்துக்கு கலர் அடிக்கச் சொல்வாரு. நீங்க சொல்ற பதில வச்சு ஆளுங்களோட தோற்றம், ட்ரெஸ், பேச்செல்லாம் மாறும், நீங்க நடக்கும்போது சுவத்துல எந்த போஸ்டர உத்துப் பாக்குறீங்கன்னு வரைக்கும் கவனிக்கும். ஐடியா சூப்பர். ஆனா சொல்லிட்டாங்க பாருங்க, அதனால நான் நல்ல பிள்ளையா நடிக்க ஆரம்பிச்சிட்டேன், போஸ்டர் பக்கம் திரும்பவே இல்ல. கேமரா இருக்குன்னு தெரிஞ்ச எடத்துல யார்தான் மூக்க நோண்டுவா.

சரி, எல்லா கேமும் ஏன் இப்படி ஆழமா பண்றதில்லன்னு கேட்டா காரணம் ரொம்ப சாதாரணம், காசும் நேரமும். ரெண்டு ஆப்ஷன் உள்ள சாய்ஸ் வரிசையா 10 வச்சு ஒவ்வொண்ணும் கதைய உண்மையிலயே தனித்தனியா பிரிச்சா 1024 கதை வேணும், எந்த ஸ்டூடியோவும் தாங்காது. அதனால பிரிச்சு விட்டுட்டு அடுத்த சீன்லயே திரும்ப ஒண்ணா சேத்துடுவாங்க, நீங்க அவள திட்டுனாலும் கொஞ்சுனாலும் அடுத்த சீன்ல அவ அதே கதவத்தான் தட்டுவா. ரெண்டாவது தடவ ஆடும்போது இந்த தையல் எல்லாம் பளிச்னு தெரியும். 2015ல வந்த அண்டில் டான் இதுக்கு ஒரு வழி பிடிச்சது, மலை மேல மாட்டிக்கிட்ட 8 பேரு, யாரு வேணா செத்து கதையில இருந்து கழண்டுக்கலாம், கதை மட்டும் விடியற வரைக்கும் ஓடிக்கிட்டே இருக்கும். அதுல உண்மையிலயே பயமா இருந்தது பேய் இல்ல, ஆட்டோசேவ்தான். தப்பு பண்ணிட்டா பழைய சேவுக்கு திரும்ப வழி கிடையாது, செத்தவன் செத்தவன்தான். ஆனா ஒவ்வொரு பெரிய முடிவுக்கும் பட்டாம்பூச்சி சின்னத்த மூலையில காட்டுவான் பாருங்க, அது எனக்குப் பிடிக்கல, நீ இப்ப முக்கியமான வேலை பண்ணிட்டேன்னு எதுக்குய்யா சொல்ற.

இப்ப ஸ்லே தி பிரின்சஸ். இது நான் மேல சொன்னதுக்கெல்லாம் நேரெதிர், முழுக்க முழுக்க சாய்ஸ் மெனுதான் கேமே, ஆனாலும் எனக்கு இந்தப் பத்து வருஷத்துல வந்ததுல ரொம்பப் பிடிச்ச ஹாரர் இதுதான். 2023ல பிளாக் டாபி கேம்ஸ்னு ஒரு சின்ன ஸ்டூடியோ பண்ணது, அபி ஹோவர்ட், டோனி ஹோவர்ட் ஏரியாஸ்னு புருஷன் பொண்டாட்டி ரெண்டு பேரு, படமெல்லாம் பென்சில்ல கையால வரைஞ்சது. காட்டுக்குள்ள ஒரு பாதை, பாதை முடிவுல ஒரு குடிசை, குடிசைக்கு அடியில ஒரு அறை, அங்க ஒரு இளவரசி. கதை சொல்ற குரல் உங்ககிட்ட சொல்லுது, அவள கொல்லணும், இல்லன்னா உலகம் அழிஞ்சிடும். ஏன் எப்படின்னு கேட்டா மழுப்புது.

கத்திய எடுத்துட்டு கீழ போனா அவ ஒரு மாதிரி பேசுறா, கத்தி இல்லாம போனா வேற மாதிரி பேசுறா. எப்படிப் போனாலும் ஒரு கட்டத்துல எல்லாம் முடிஞ்சு திரும்ப அதே காட்டுப் பாதையில நிக்கிறீங்க. ஆனா இப்ப அவ மாறிட்டா. போன தடவ நீங்க அவள எப்படிப் பாத்தீங்களோ அதுவா ஆயிட்டா. சண்டை போட்டு ரெண்டு பேரும் செத்தீங்கன்னா அவ கொம்போட ஒரு சண்டைக்காரியா நிக்கிறா, உங்க மண்டைக்குள்ளயும் பிடிவாதம் பிடிச்ச ஒரு புதுக் குரல் சேந்திடுது. பயந்து போய் அவள கீழயே வச்சு பூட்டுனா அவ கெட்ட கனவா வர்றா, உங்களுக்குள்ள எதையும் நம்பாத குரல் ஒண்ணு வந்து உக்காந்துக்குது. காப்பாத்தணும்னு போனா அவ அசல் தேவதைக் கதை இளவரசி, உங்க மண்டையில ஒரு காதல் பைத்தியம்.

அந்தக் காப்பாத்துற ரூட்தான் என்ன ரொம்ப நேரம் தொந்தரவு பண்ணுச்சு. நல்லவனா இருக்கலாம்னு போறோம். அவகிட்ட உனக்கு என்ன வேணும்னு கேக்குறோம், உன்ன சந்தோஷப்படுத்தணும்ங்கிறா. இல்ல, உனக்குன்னு என்ன வேணும்னு திரும்பக் கேக்குறோம், அதே பதில். கேக்கக் கேக்க அவ படம் எளிமையாகிக்கிட்டே போகும், கோடு குறையும், கண்ணு பெருசாகும், கடைசியில சின்னப் பசங்க கிறுக்குன பொம்மை அளவுக்கு வந்துடுவா. ரத்தம் இல்ல, கத்தல் இல்ல. நான் அவள காப்பாத்தப்பட வேண்டியவளா மட்டும் பாத்தேன், அதனால அவகிட்ட அது ஒண்ணு மட்டும்தான் மிச்சம் இருக்கு.

எண்டிங் சேக்குற பழக்கத்தையும் இவங்க கதைக்குள்ளயே இழுத்துட்டாங்க. ஒவ்வொரு ரூட் முடிவுலயும் அந்த இளவரசிய ஒரு பெரிய உருவம் வந்து எடுத்துக்கும், அப்படி அஞ்சு பேரு சேந்தாதான் கடைசிப் பேச்சு. அதே ஆட்டத்துல ஒரே ரூட்டுக்கு மறுபடி போக விடாது, புதுசா ஏதாவது பண்ணித்தான் ஆகணும். 1024 கதைப் பிரச்சனையையும் அங்கயே முடிச்சிட்டாங்க பாருங்க, ஒவ்வொரு ரூட்டும் குட்டி, எல்லாம் திரும்ப காட்டுப் பாதைக்கே வரும், ஆனா அப்படி வர்றதுக்கு கதையிலயே காரணம் இருக்கு. ஆரம்பத்துலயே சொன்னத கேட்டு அவள கொன்னுட்டு, அந்தக் குரல் குடுக்குற நிம்மதிய வாங்கிக்கிட்டு உக்காந்தா கேம் அங்கயே முடிஞ்சிடும், அதுக்கு நல்ல எண்டிங்னு பேரு வேற. நக்கல்.

மெனு இருந்தும் பயம் போகாத இன்னொண்ணு டிடென்ஷன், 2017, தைவான்ல இருக்குற ரெட் கேண்டில் கேம்ஸ். 1960கள்ல ராணுவச் சட்டம் இருந்த காலத்துல ஒரு ஸ்கூல், தடை பண்ண புத்தகத்த ஒளிச்சு படிக்கிற ஒரு குழு, அவங்கள காட்டிக் குடுத்த ஒரு பொண்ணு. கடைசியில அவளோட நிழலே வந்து கேள்வி கேக்கும், நீங்க சொல்ற பதில வச்சுதான் ரெண்டு எண்டிங்ல ஒண்ணு. நான் முதல்ல திட்டுன அதே கடைசி நேர மெனுதான். ஆனா அது அடுத்து என்ன செய்யப் போறேன்னு கேக்கல, நடந்தத ஒத்துக்கிறியா இல்லையான்னு கேக்குது. அங்க கணக்கு போட எதுவும் இல்ல.

டோக்கி டோக்கி லிட்ரேச்சர் கிளப்பும் 2017தான், ஸ்கூல் பொண்ணுங்களோட பழகுற லவ் கேம் மாதிரி ஆரம்பிச்சு ஹாரரா மாறுறது. அதுல கேம் ஃபோல்டருக்குள்ள போய் ஒரு கேரக்டர் ஃபைல கையால டிலீட் பண்றத பத்தி ஊரே பேசியாச்சு. எனக்குப் பிடிச்சது அதோட ஒளிச்சு வச்ச நல்ல எண்டிங். முதல் பகுதி சோகமா முடியுறதுக்கு முன்னாடியே சேவ் போட்டு, திரும்பிப் போய், ஒவ்வொரு பொண்ணோடயும் நேரம் செலவழிச்சு எல்லாரோட சீனையும் பாத்திருந்தாதான் அது வரும். சேவ் போட்டு ஏமாத்துறத, எல்லார்மேலயும் அக்கறை காட்டுனதா எடுத்துக்கிது.

கைடு பாத்துதான் எண்டிங் எடுக்க முடியும்ங்கிற மாதிரி டிசைன்தான் எனக்கு ஒத்துக்காதது. முதல் சைலண்ட் ஹில், 1999, அதுல போலீஸ்காரி சிபில காப்பாத்தணும்னா ஆஸ்பத்திரில தரையில கொட்டிக் கிடக்குற சிவப்பு திரவத்த ஒரு பாட்டில்ல அள்ளி வச்சிருக்கணும். அத விட்டுட்டு வந்தவனுக்கு பின்னாடி அவள சுடுறதத் தவிர வழி இல்ல. அதுல ஆடுறவனோட குணம் எங்க இருக்கு, பாட்டில் பாத்தியா பாக்கலையாங்கிறதுதான் இருக்கு.

2025ல வந்த சைலண்ட் ஹில் எஃப் வேற ஒரு வேலை பண்ணுது, முதல் தடவை நீங்க தலைகீழா நின்னாலும் ஒரே எண்டிங்தான், மத்ததெல்லாம் அடுத்த ஆட்டத்துலதான் திறக்கும். எழுதுனது ரியூகிஷி07, சாய்ஸே இல்லாத விஷுவல் நாவல், அதாவது படத்தோட படிச்சுக்கிட்டே போற கதை கேம், எழுதிப் பேர் வாங்குனவரு, ஒரே கதைய வேற கண்ணால திரும்பப் படிக்க வைக்கிறது அவருக்குக் கை வந்த கலை. ரெண்டாவது ஆட்டத்துல புது சீன்லாம் வருது, முன்னாடி பாத்ததுக்கு அர்த்தமே மாறுது, எழுத்தா பாத்தா நான் முழு மார்க் போடுவேன். ஆனா அதே சண்டைங்கள மறுபடி மறுபடி போட வைக்கிறாங்க, அந்தச் சண்டை முதல் தடவையே எனக்கு அலுத்துப் போச்சு. முதல் எண்டிங்கோட நிறுத்துனவங்க பாதிக் கதைய கூட பாக்கல, இத விக்கும்போதே பெருசா எழுதி ஒட்டியிருக்கலாம்.