தேதி குதிக்கும் படம்

மாட்டுப் பண்ணை. கூரை மூலையில் மாட்டிய கேமரா. கீழே ஒரு பெண் வேலை செய்துகொண்டிருக்கிறாள். முகம் சரியாகத் தெரியவில்லை.

அவள்தான் கதாநாயகி. அது அவளுக்குத் தெரியாது.

சீனக் கலைஞர் ஷூ பிங் 2017-ல் எடுத்த 'டிராகன்ஃப்ளை ஐஸ்' படம் இது. "எடுத்த" என்பதே தப்பு. கேமராமேன் கிடையாது, நடிகர் கிடையாது. 81 நிமிடமும் கண்காணிப்புக் கேமராப் பதிவுகள்.

2013-லேயே யோசனை வந்துவிட்டது. ஆனால் போதுமான பதிவு கிடைக்கவில்லை. 2015 வாக்கில் கேமராக்கள் இணையத்தில் நேரலையாக ஓட ஆரம்பித்ததும், சுமார் 20 கணினிகளை இராப்பகலாக ஓடவிட்டு இறக்கினார்கள். கிட்டத்தட்ட 10,000 மணி நேரம். படத்தின் ஒரு நிமிடத்துக்கு 120 மணி நேரம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

பெரிய சிக்கல் முகம். ஒரே ஆள் இரண்டு கேமராவில் சிக்க மாட்டார். அதனால் ஒரு பாத்திரத்துக்குப் பல உடல்கள், ஒட்டவைப்பது டப்பிங் குரல் மட்டும். கதையில் பிளாஸ்டிக் சர்ஜரி வருவது சும்மா இல்லை என்றே தோன்றுகிறது. (கதை அங்கங்கே சீரியல்தனம். அது வேறு விஷயம்.)

பண்ணையாள், சலவைக்கடைப் பெண் இவர்களை வழக்கமான சினிமா பின்னணியில் நிறுத்தும். இங்கே கேமராவுக்கு முன்னணி, பின்னணி தெரியாது. விபத்தையும் வெறும் சாலையையும் ஒரே மாதிரிதான் பார்க்கிறது.

திரையில் ஓடும் தேதி, நேரத்தை அழிக்கவில்லை. பேச்சு தொடரும், ஷாட் மாறும்போது தேதி குதிக்கும்.

பதிவில் தெரிந்தவர்களைத் தேடிப்போய் ஒப்புதலும் கேட்டிருக்கிறார்கள்.