தலைமை வெயிட்டர் கார்ல்

நேத்து ராத்திரி தூக்கம் வரலை. 'காசாபிளாங்கா'ங்கிற பழைய ஹாலிவுட் படத்தை மறுபடி போட்டேன்.

இந்தத் தடவை கண்ணு ஹீரோ பக்கமே போகலை. தொளதொள கன்னத்தோட வர்ற வெயிட்டர் கார்ல் மேலயே நின்னுடுச்சு.

அமெரிக்கா கிளம்பற வயசான ஜோடி ஒண்ணு. மணி என்னன்னு இங்கிலீஷ்ல கேட்கவே திணறுது. கார்ல் அவங்களுக்குப் பிராந்தி ஊத்திட்டு, 'அங்க போய் ஜமாய்ச்சிடுவீங்க'ங்கிற மாதிரி தலையாட்டறார். கிண்டலே இல்லை.

நடிச்சவர் ஸாகால். 1883இல் புடாபெஸ்ட்ல பிறந்தவர். மேடைக்கு நகைச்சுவை எழுதி ஆரம்பிச்சு, வியன்னா, பெர்லின்னு நடிச்சு, ஹிட்லருக்குத் தப்பி ஹாலிவுட் சேர்ந்தப்போ வயசு 57. (நம்மாளுங்க ரிட்டயர்மெண்ட்டை நெருங்கற வயசு!)

ஸ்டூடியோ வெச்ச செல்லப்பேரு 'கடில்ஸ்' (Cuddles, கொஞ்சி அணைச்சுக்கறதுன்னு அர்த்தம்). அவருக்கு அது பிடிக்காதாம்.

கூடப்பிறந்த மூணு சகோதரிகளும் நாஜி முகாம்கள்ல செத்துப்போனாங்க.

அந்தப் பிராந்திக் காட்சியை மட்டும் திரும்ப ஓட்டிப் பார்த்தேன்.