பூசத்துக்கு முதல் நாள் தேங்காய்

மலேசியாவுல எங்க பினாங்குல தைப்பூசம்னா எல்லாரும் தண்ணீர்மலை முருகன் கோயிலோட 513 படிய பத்திதான் பேசுவாங்க, எனக்கு என்னமோ அதுக்கு முதல் நாள்தான் பூசமே. முருகனோட வெள்ளி ரதம் பினாங்கு ஸ்ட்ரீட்ல இருக்குற செட்டியாருங்களோட கோவில் வீட்டுலேர்ந்து காலைலயே கிளம்பிடும், 1894-ல காரைக்குடியிலேர்ந்து கப்பல்ல வந்த ரதம், ராத்திரிதான் செட்டியார் கோயிலுக்கு போய் சேரும். 2017-லேர்ந்து வேல் வச்ச தங்க ரதமும் குவீன் ஸ்ட்ரீட் மாரியம்மன் கோயில்லேர்ந்து வருது. எது பெருசுன்னு வாட்சப்ல சண்ட போடுறவங்க போடட்டும், நாங்க ரெண்டுக்கும் தேங்காய் உடைப்போம்.

அத்தை வீட்டு போர்ச்ல சாக்கு சாக்கா தேங்காய் கொட்டி, பசங்க கழுவ, நாங்க மஞ்சள் குங்குமம் வைப்போம். ஒவ்வொரு தேங்காய்க்கும் ஒரு பேரு உண்டு, இருக்கிறவங்களுக்கு மட்டும் இல்ல, போய்ட்ட தாத்தாவுக்கு, சிங்கப்பூர்ல வேலை பாக்குற தம்பிக்கு, இன்னும் பேரு வைக்காத கைக்குழந்தைக்கும் சேத்து. ரதம் கிட்ட வந்ததும் பேர சொல்லிட்டுதான் ரோட்டுல ஓங்கி அடிக்கணும், சொல்லாம அடிச்சா அத்தை இன்னொன்னு எடுத்து கையில குடுத்துடுவாங்க.

அண்ணி சீனப் பொண்ணு. கல்யாணம் ஆன வருஷம் அவங்களுக்கு இதெல்லாம் சொல்லி குடுக்கணும்னு அத்தை ஒரே படபடப்பு, ரதம் வர்ற டத்தோ கிராமாட் ரோட்டுக்கு போனா அண்ணியோட அம்மா வீட்டு ஆளுங்க எங்களுக்கு முன்னாடியே இடம் புடிச்சு, ஊதுபத்தி ஏத்தி, எங்க ஆள் உயரத்துக்கு தேங்காய் குவிச்சு வச்சிட்டு நிக்கிறாங்க! அவங்க தாத்தா காலத்துலேர்ந்தே உடைக்கிறாங்களாம். அத்தை வாயடைச்சு நின்னது அன்னிக்கு ஒரு நாள்தான்.

மறுநாள் பால்குடம், மலை, வரிசை, கால் வலி, எல்லாம் எல்லாருக்கும் தெரிஞ்சதுதான். இறங்கி வந்து தண்ணீர் பந்தல்ல குடிக்கிற சிராப் தண்ணிக்கு மட்டும் ஒரு தனி ருசி.

இந்த வருஷம் தேங்காய் வெல ஏறிப்போச்சு, கொஞ்சம் கொறைச்சுக்கலாம் அக்கான்னு சித்தப்பா ஆரம்பிச்சாரு. சரிடா, யாரோடத எடுக்கட்டும், நீயே சொல்லுன்னாங்க அத்தை. அவரு பேசாம கார் சாவிய எடுத்துக்கிட்டு இன்னொரு சாக்கு வாங்க கிளம்பிட்டாரு.